காதலில் பிறக்கும் பழியைக் கதையாக்குவது எப்படி: கம்பம் மலையடிவாரத்திலிருந்து ஒரு முழுமையான வழிகாட்டி

பழிவாங்கும் கதை எழுத வருகிறவர்கள் பெரும்பாலும் கொலையிலிருந்துதான் தொடங்குகிறார்கள். யார் செத்தார், யார் கொன்றார், எப்படித் திருப்பிக் கொடுப்பது என்று திட்டம் போட்டுவிட்டு, அதற்கு முன்னால் காதலுக்கென்று நாலு பக்கம் ஒதுக்குகிறார்கள். அந்த நாலு பக்கத்தில் ஒரு மழை, ஒரு பார்வை, ஒரு திருவிழா. அப்புறம் இருநூறு பக்கம் ரத்தம். வாசகர் பாதியிலேயே விலகிவிடுகிறார்.

இந்தக் கணக்கைத் திருப்பிப் போட வேண்டும் என்பது என் கட்சி. பழி எவ்வளவு பெரிதாகப் போகலாம் என்பதைத் தீர்மானிப்பது, இழப்புக்கு முன் நாம் காட்டிய அன்றாடம். அதே பழி யாரைத் தொடாமல் விட்டது என்பதைத் தீர்மானிப்பதும் காதல்தான். இந்த இரண்டு முனைகளையும் இறுக்கிக் கட்டிவிட்டால், நடுவில் வருவது கத்தியா தீயா என்பது அவ்வளவு பெரிய கேள்வி இல்லை.

தேனி மாவட்டத்துக் கூடலூர், கம்பம் பக்கத்து ஆட்களுக்கு இதை விளக்கத் தூரம் போக வேண்டியதில்லை. ஊருக்கு மேலே, கேரள எல்லையில், மங்கலதேவி கண்ணகி கோவில் இருக்கிறது. வருடத்தில் ஒருநாள், சித்ரா பௌர்ணமிக்கு மட்டும் கூட்டம் ஏறும். குமுளியிலிருந்து ஜீப்பில் ஒரு கூட்டம், பளியங்குடியிலிருந்து காட்டுப்பாதையில் நடந்து ஒரு கூட்டம். தமிழும் மலையாளமும் ஒரே வரிசையில் நிற்கும். கணவனுக்காக ஒரு நகரத்தை எரித்தவளை, மஞ்சள் கயிறு வாங்கிக் கட்டிக்கொண்டு கும்பிடுகிறோம். இது எப்படி நம் மனதுக்கு முரணாகப் படவில்லை என்று யோசித்தாலே பாதிப் பாடம் முடிந்தது.

மீதிப் பாடத்துக்கு மூன்று கதைகளை எடுத்துக்கொள்வோம். ஒன்று கண்ணகி. இரண்டு நீலி. மூன்றாவது நாமே கட்டப்போகிற கதை: கம்பத்திலிருந்து தினமும் விடியற்காலை ஜீப்பில் கம்பம்மெட்டு ஏறி, கேரளத்து வண்டன்மேடு பக்கம் ஏலத்தோட்டத்துக்குக் காயெடுக்கப் போகும் ஒரு பெண், அந்த ஜீப்பை ஓட்டுகிறவன். பெயர் நீங்கள் வைத்துக்கொள்ளுங்கள்.

முதல் படி: பழி யார் மேல்?

எழுத உட்காரும் முன் ஒரே ஒரு கேள்விக்குப் பதில் வேண்டும். காதலித்தவரை இழந்ததற்காகப் பழியா, காதலித்தவர் மேலேயே பழியா?

முதல் வகை கண்ணகி. அவள் அன்பு கடைசிவரை உடையவில்லை. எதிரி வெளியே இருக்கிறான். இரண்டாம் வகை நீலி. ஆந்திர எல்லைக்கு அருகில், திருவாலங்காட்டை அடுத்த பழையனூரில் ஒரு நீலி. தெற்கே நாஞ்சில் நாட்டில் கள்ளியங்காட்டு நீலி. ஊருக்கு ஊர் கதை மாறும், எலும்பு ஒன்றுதான். நம்பி வந்தவளை நகைக்காகக் கள்ளிக்காட்டில் கொல்கிறான் ஒருவன். தெற்கத்தி வில்லுப்பாட்டில், அவள் அவன் மடியில் தலைவைத்துத் தூங்குகிறாள். அவன் மணலைக் குவித்து அவள் தலையை மெதுவாக அதன்மேல் இறக்கி வைத்துவிட்டு, கல்லைத் தூக்கிப் போடுகிறான். அந்த 'மெதுவாக' இல்லாவிட்டால் இந்தக் கதை இத்தனை நூற்றாண்டு தாங்கியிருக்காது. கொலைக்குச் சற்று முன் அவன் கை செய்த காரியம், தூக்கம் கலையக்கூடாது என்று பார்க்கிற கணவன் செய்கிற காரியம்.

இரண்டு வகையையும் ஒரே கதையில் கலக்காதீர்கள். அனுபவசாலிகள் கலக்கலாம், முதல் கதையில் வேண்டாம். நம் ஜீப் கதை முதல் வகை. அவன் சாவான், அவள் அன்பு அப்படியே இருக்கும்.

இரண்டாம் படி: காதலை வேலைக்குள் வையுங்கள்

சிலப்பதிகாரத்தில் கண்ணகிக்கும் கோவலனுக்கும் நடக்கிற குடும்ப வாழ்க்கை எவ்வளவு என்று தேடிப் பாருங்கள். திருமணமான கொஞ்ச காலத்தில் அவன் மாதவியிடம் போய்விடுகிறான். திரும்பி வரும்போது கையில் காசில்லை. இவள் கோபிக்காமல் 'சிலம்பு இருக்கிறது, எடுத்துக்கொள்' என்கிறாள். இருவரும் மதுரைக்கு நடக்கிறார்கள். அவ்வளவுதான். பிறகு ஆயர்பாடியில், மாதரி கொடுத்த வீட்டில், ஒரே ஒரு சாப்பாடு.

அந்தச் சாப்பாட்டை இளங்கோவடிகள் அவசரப்படாமல் சமைக்கிறார். பலாக்காய், வெள்ளரி, மாதுளங்காய், மாம்பழம், வாழைப்பழம், சாலி அரிசி, பாலும் நெய்யும். காய் நறுக்கியதில் அவள் விரல் சிவக்கிறது, முகம் வியர்க்கிறது, புகையில் கண் சிவக்கிறது. வாழைக் குருத்து விரித்துப் பரிமாறுகிறாள். சாப்பிட்டு முடித்தவனுக்கு வெற்றிலை கொடுக்கிறாள். அவன் ஒற்றைச் சிலம்பை வாங்கிக்கொண்டு கடைத்தெருவுக்குக் கிளம்புகிறான். இந்தச் சமையல் வருகிற பகுதிக்குப் பெயர் கொலைக்களக் காதை. மதுரையை எரிக்கத் தேவையான விறகு முழுவதும் அந்த அடுப்படியில்தான் இருக்கிறது.

கவனியுங்கள், 'நான் உன்னைக் காதலிக்கிறேன்' என்கிற ரகத்தில் அவள் ஒரு வார்த்தை சொல்வதில்லை. நீங்களும் சொல்ல வைக்காதீர்கள். காதலர் இருவரும் சேர்ந்து செய்யும் ஒரு வேலையைத் தேர்ந்தெடுத்து, அதன் நுணுக்கங்களைத் தெரிந்துகொண்டு எழுதுங்கள்.

நம் கதையில் ஜீப்பே போதும். ஒரு வண்டிக்குள் எத்தனை பேரை அடுக்குவார்கள் என்று இந்தப் பக்கத்தில் யாருக்கும் சொல்ல வேண்டியதில்லை. தூக்குவாளி மடியில், தலையில் துண்டு, வளைவில் எல்லோரும் ஒருபக்கம் சாய்வார்கள். எல்லாப் பெண்களும் ஓட்டுகிறவனை 'அண்ணே' என்றுதான் கூப்பிடுகிறார்கள். அவளும் அப்படித்தான் கூப்பிட்டாள். ஒருநாள் 'வண்டிய நிப்பாட்டுங்க' என்கிறாள்; 'அண்ணே' இல்லை. அடுத்த நாளும் இல்லை. பக்கத்தில் உட்கார்ந்திருக்கும் பெரியம்மா ஒருத்திக்கு மட்டும் அது காதில் விழுகிறது. அவள் திரும்பிப் பார்த்துவிட்டு ஒன்றும் சொல்லாமல் வெற்றிலையை மடிக்கிறாள். காதல் தொடங்கிய சேதி வாசகருக்குப் போய்ச் சேர்ந்துவிட்டது. இதற்கு மேல் மழை எதற்கு?

தோட்டத்து வேலையும் கைகொடுக்கும். ஏலக்காய் உச்சியில் காய்க்காது. செடியின் தூரில், தரையோடு படர்ந்த சரத்தில் காய்க்கும். எடுக்கிறவர்கள் குனிந்தோ குத்தவைத்தோ, ஈர மண்ணில் அட்டைக்கடியோடு எடுக்க வேண்டும். சாயங்காலம் அவள் ஜீப்பில் ஏறும்போது இடுப்பைப் பிடித்துக்கொண்டு ஏறுகிறாள். மறுநாள் அவள் உட்காரும் இடத்தில் மட்டும் ஒரு பழைய சாக்கு மடித்துப் போட்டிருக்கிறது. இப்படி மூன்று காட்சி எழுதுங்கள். மூன்றுக்கு மேல் தேவைப்படாது.

மூன்றாம் படி: ஒரு பொருள், இரண்டு வேலை

காதல் பகுதியில் சாதாரணமாகப் புழங்கிய பொருள் ஒன்று, பழிப் பகுதியில் சாட்சியாக எழுந்து நிற்க வேண்டும். சிலம்பு மனைவியின் நகை. பிறகு வீட்டின் கடைசி மூலதனம். பிறகு திருட்டுப் பொருள். கடைசியில் அரசவையில் உடைக்கப்படும் ஆதாரம். உடைத்தால் உள்ளே மாணிக்கம். பாண்டியன் அரசியின் சிலம்பில் இருந்தது முத்து. வெளியே பார்த்தால் வித்தியாசம் தெரியாது, உள்ளே தெரியும். ஒரு கதாசிரியருக்கு இதைவிட நல்ல பொருள் அமைவது கடினம்.

நீலி கதையில் அது கள்ளிச்செடி. கொலையைப் பார்த்த ஒரே சாட்சி. பிறகு பேயாகத் திரும்பி வந்த அவள் ஒடித்து இடுப்பில் வைத்துக்கொள்ளும் கள்ளிக் கொப்பு குழந்தையாகி, கொன்றவனையே 'அப்பா' என்று கூப்பிடுகிறது. கேட்கிறவர்களுக்கு இப்போதும் வயிற்றில் ஏதோ செய்யும்.

நம் ஜீப்காரனிடம் ஒரு ட்ரிப் நோட்டு இருக்கட்டும். எந்த நாள், எந்த எஸ்டேட், எத்தனை ஆள், எத்தனை மணிக்கு செக்போஸ்ட் தாண்டினான், யார் எவ்வளவு பாக்கி. முன்பக்கம் கணக்கு. பின்பக்கத்திலிருந்து திருப்பி எழுதினால், அவள் சொன்னவை: 'கருப்பு வளையல்', 'சூடா டீ வேணாமாம்', 'அவ அம்மாவுக்குக் கண் ஆபரேஷன் தை மாசம்'. பின்பக்கம் காதல், முன்பக்கம் ஆதாரம்.

பொருளைத் தேர்ந்தெடுக்கும்போது அதைத் துப்பறியும் கதைத் துப்பு மாதிரி மினுக்காதீர்கள். முதல் பாதியில் அதைப் பற்றி யாரும் பேசக்கூடாது. கையில் இருக்கும், அவ்வளவே.

நான்காம் படி: அநீதியும் ஒரு அன்பிலிருந்தே வரட்டும்

பெரும்பாலான கதைகள் சறுக்கும் இடம் இது. வில்லன் கெட்டவன் என்பதால் கெடுதல் செய்கிறான் என்று எழுதிவிட்டால், பழிவாங்குதல் வெறும் குப்பை அள்ளும் வேலையாகிவிடுகிறது.

பாண்டியன் நெடுஞ்செழியன் ஏன் விசாரிக்காமல் தண்டித்தான்? அன்றைக்கு அவன் ஆடல் மகளிரின் கூத்தை ரசித்துக்கொண்டிருந்தான். அரசிக்கு ஊடல் வந்துவிட்டது. தலைவலி என்று சொல்லி எழுந்து போய்விட்டாள். அவளைச் சமாதானம் செய்ய அவசரமாகப் போகிறவன் காலில்தான் பொற்கொல்லன் வந்து விழுகிறான், சிலம்பு திருடியவன் அகப்பட்டான் என்று. தொலைந்தது அரசியின் சிலம்பு. அவள் கோபமாக வேறு இருக்கிறாள். கள்வனைக் கொன்று சிலம்பைக் கொண்டு வாருங்கள் என்று சொல்லிவிட்டு நடக்கிறான். ஒரு கணவன் தன் மனைவியைச் சமாதானப்படுத்தும் அவசரத்தில் இன்னொருத்தியின் கணவன் செத்துப்போகிறான். திருடன் பொற்கொல்லன்தான், சந்தேகமில்லை. ஆனால் உயிரை எடுத்தது அந்த ஊடல்.

நம் கதையில் பொற்கொல்லன் ஸ்டோர்க்காரன். பச்சைக்காயை ஸ்டோரில் வைத்து உலர்த்துவார்கள். ஏறக்குறைய அஞ்சு கிலோ பச்சைக்காய் உலர்ந்தால் ஒரு கிலோ. இந்த அஞ்சுக்கு ஒன்று என்பது ஈரத்துக்குத் தக்கபடி கொஞ்சம் முன்னே பின்னே போகும். அந்த முன்னே பின்னேயில்தான் அவன் மூட்டை மூட்டையாகச் சுரண்டுகிறான். போடிக்கோ புற்றடிக்கோ ஏலம் விடப் போக வேண்டிய சரக்கு குறைந்ததும், பழியை ஜீப்காரன் மேல் திருப்பிவிடுகிறான்: 'ராத்திரி வண்டி வந்துச்சு மொதலாளி.'

முதலாளி கெட்டவரா? இல்லை. அவர் மனைவி கோட்டயத்தில் ஆஸ்பத்திரியில் கிடக்கிறாள். காரில் ஏறும்போது போன் வருகிறது. 'பார்த்துக்கோ' என்று ஒரே வார்த்தை சொல்லி வைத்துவிடுகிறார். ஸ்டோர்க்காரன் பார்த்துக்கொள்கிறான். விடிந்தால் ஜீப் வரவில்லை.

அடித்துக் கொல்வதை விவரிக்க வேண்டுமா? வேண்டாம். கம்பம் முக்கில் பெண்கள் தூக்குவாளியோடு நிற்பதும், மணி ஏறுவதும் போதும்.

ஐந்தாம் படி: அடிக்கும் முன் கேட்கட்டும்

பழி தீர்க்கப் புறப்பட்டவள் முதலில் ஒரு சபையில் நின்று கேட்க வேண்டும். கண்ணகி நேராகத் தீ வைக்கவில்லை. அரண்மனை வாசலில் நின்று காவலனிடம் சேதி சொல்லி அனுப்பி, உள்ளே போய், தான் யார், எந்த ஊர், கணவன் பெயர் என்ன என்று முறையாகச் சொல்லி, வழக்குரைக்கிறாள். சிலம்பை உடைக்கிறாள். மாணிக்கப் பரல் தெறித்து மன்னன் முகத்தில் படுகிறது. தன் தீர்ப்பு தவறு என்று அறிந்த கணமே அவன் விழுந்து சாகிறான். அவன் தேவி, கணவனை இழந்தவளுக்கு ஈடாகக் காட்ட எதுவும் இல்லை என்று சொல்லி, அவளும் விழுகிறாள். எதிரி வீட்டிலும் ஒரு காதல் இருந்தது என்பது அந்த ஒரு வரியில் தெரிந்துவிடுகிறது.

நீலியும் சபைக்குத்தான் போகிறாள், ஆனால் வேஷம் போட்டுக்கொண்டு. தன்னைக் கொன்றவன் மறுபிறவியில் வணிகனாக வர, அவனைத் தன் கணவன் என்கிறாள். அவன் கையில் இருக்கும் கத்தியை வாங்கி வையுங்கள், என்னைக் கொன்றுவிடுவான் என்று ஊராரிடம் அழுகிறாள். பழையனூர் வேளாளர் 70 பேர், அவன் உயிருக்கு நாங்கள் பொறுப்பு என்று வாக்குக் கொடுத்து கத்தியை வாங்கிக்கொள்கிறார்கள். அவள் சொன்னது எல்லாம் பொய் என்று தோன்றும். யோசித்துப் பாருங்கள்: கணவன் என்றதும் கொன்றுவிடுவான் என்றதும் போன பிறவியின் உண்மை. மறுநாள் அவன் பிணம். வாக்குத் தவறிய 70 பேரும் தீயில் இறங்குகிறார்கள். ஏழாம் நூற்றாண்டிலேயே ஞானசம்பந்தர் தம் பழையனூர்ப் பதிகத்தில், வஞ்சனையால் ஒருத்தி உயிர் கொண்ட இந்தச் செய்தியைத் தொட்டுப் போகிறார் என்றால் கதை அதற்கும் பழையது.

நம் பெண்ணுக்குச் சபை எது? போலீஸ் ஸ்டேஷன் என்று எழுதினால் கதை வேறு பக்கம் போய்விடும். இரண்டு மாநிலம், இரண்டு மொழி, அலைச்சல்; அதுவே தனி நாவல். நான் சம்பள நாளைத் தேர்ந்தெடுப்பேன். எஸ்டேட் முற்றத்தில் மேஜை போட்டு முதலாளியே உட்கார்ந்திருக்கிறார். பெண்கள் வரிசையில் நிற்கிறார்கள். அவள் முறை வரும்போது காசுக்குக் கை நீட்டாமல் நோட்டை வைக்கிறாள். சரக்குத் தொலைந்ததாகச் சொன்ன ராத்திரி, வண்டி கம்பத்தில் இருந்தது. செக்போஸ்ட் தாண்டிய மணி அதில் இருக்கிறது. முதலாளி பக்கத்தைப் புரட்டுகிறார். புரட்டும்போது பின்பக்கமும் அவர் கண்ணில் படட்டும். 'கருப்பு வளையல்.' அவள் கையில் வளையல் இல்லை.

ஆறாம் படி: எல்லை மீறும் இடமும், விட்டுவைக்கப்படுகிறவர்களும்

இந்தப் படிக்காகத்தான் முந்தைய ஐந்தும்.

கண்ணகி கேட்க வந்த நியாயம் அரசவையிலேயே கிடைத்துவிட்டது. மன்னன் செத்தான், அரசியும் செத்தாள். அங்கேயே நிறுத்தியிருக்கலாம். அவள் நிறுத்தவில்லை. மதுரையையும் ஒழிப்பேன் என்று வஞ்சினம் கூறி, இடமுலையைத் திருகி எறிகிறாள். குற்றவாளியோடு அடங்கிவிட்டால் அது தண்டனை. அதைத் தாண்டி வழிகிற அந்த மிச்சத்தில்தான் கதையின் உயிர் இருக்கிறது. அதன் அளவு ஆயர்பாடிச் சமையலின் அளவு.

ஆனால் தீக்கடவுள் வந்து யாரை விட வேண்டும் என்று கேட்கும்போது அவளிடம் பதில் இருக்கிறது. அந்தணர், அறவோர், பசு, பத்தினிப் பெண்கள், முதியோர், குழந்தைகள்: இவர்களை விட்டுத் தீயோர் பக்கம் போ என்கிறாள். இந்தப் பட்டியலில் இன்றைக்கு நமக்குச் சண்டை போட நிறைய இருக்கிறது. போடலாம். ஆனால் எழுதுகிறவர் பார்க்க வேண்டியது, உச்சக் கோபத்தில் இருப்பவளுக்கும் ஒரு பட்டியல் இருந்தது என்பதை.

எல்லைக்கு அந்தப் பக்கம் இதே கதை வேறு மாதிரி நடக்கிறது. திருவனந்தபுரம் ஆற்றுகால் கோவிலில் பொங்கலை விழா நாட்களில் தோற்றம்பாட்டாகக் கண்ணகி கதையைப் பாடுவார்கள். அதில் பாண்டியனைத் தேவியே வதம் செய்கிறாள். அந்த இடம் பாடி முடிந்ததும் மேளமும் குரவையும் எழும், அடுப்பு பற்றவைப்பார்கள், லட்சக்கணக்கான பெண்கள் தெருவெங்கும் பொங்கல் வைப்பார்கள். மன்னன் தானே வெட்கிச் சாவதா, அவள் கையால் சாவதா? இளங்கோவின் வழி எனக்குப் பிடிக்கும், ஏனென்றால் எதிரிக்கும் ஒரு மனசாட்சி கொடுக்கிறது. ஆனால் கூட்டத்தோடு பாடுகிற கதைக்கு இரண்டாவதுதான் சரி என்று தோன்றுகிறது. உங்கள் கதை எந்த இடத்தில் சொல்லப்படப் போகிறது என்று பார்த்து முடிவு செய்யுங்கள்.

நம் கதையில் எல்லோரும் முதலில் யோசிப்பது ஸ்டோருக்குத் தீ வைப்பது. அடுப்பு அங்கேயே எரிகிறது, விறகு குவிந்து கிடக்கிறது, மதுரையும் நினைவுக்கு வருகிறது. இதனால்தான் அதைச் செய்யக்கூடாது. ராத்திரி ஸ்டோரில் தூங்குகிறவன் யார்? அடுப்புக்கு விறகு தள்ள வந்த வடநாட்டுப் பையன். எஸ்டேட் நொடித்தால் ஜீப்பில் வந்த அத்தனை பெண்களுக்கும் கூலி போகும். பட்டியல் இப்படித்தான் உருவாக வேண்டும், அவள் தினமும் பார்த்த முகங்களிலிருந்து.

என் முடிவு இது. அடுத்த காயெடுப்புக்கு அந்த எஸ்டேட்டுக்கு ஜீப் ஏறவில்லை. பெரியம்மா முதல் எல்லாப் பெண்களும் பக்கத்துத் தோட்டத்துக்குப் போய்விடுகிறார்கள். சீசனில் ஆள் கிடைக்காமல் தவிக்கிறவர்கள் எத்தனையோ பேர். இங்கே பக்குவம் தாண்டியும் சரத்தில் நின்ற காய், பிறகு உலர்த்தினாலும் வெடித்துப்போகும். வெடித்த காய்க்கு ஏலத்தில் நல்ல விலை கிடைக்காது. முதலாளி கணக்கு நோட்டைப் பார்த்துக்கொண்டு உட்கார்ந்திருக்கட்டும். ஸ்டோர்க்காரனை என்ன செய்வது என்று கேட்பீர்கள். முதலாளி 'பார்த்துக்கோ' என்று வேறொருவரிடம் சொல்லட்டும். வாசகருக்குப் புரியும்.

ஏழாம் படி: பழிக்குப் பிறகும் கொஞ்சம் நடக்க வேண்டும்

பழி முடிந்த பக்கத்திலேயே கதையை முடிப்பது ஒரு பழக்கம். சினிமாவுக்கு அது சரிப்படலாம். எரிகிற மதுரையில் மதுராபதித் தெய்வம் கண்ணகி முன் வந்து ஒரு சேதி சொல்கிறது: போன பிறவியில் கோவலன் சங்கமன் என்ற வணிகனை ஒற்றன் என்று பொய்யாகக் காட்டிக்கொடுத்துக் கொல்ல வைத்தான். அந்த வணிகனின் மனைவி 14 நாள் அலைந்து, மலையேறிக் குதித்து, சாபமிட்டுச் செத்தாள். அவள் பெயர் நீலி! கண்ணகி யாருக்காக ஊரை எரித்தாளோ அவனே இன்னொருத்தியின் பழிக்குக் காரணம். அதைக் கேட்ட பிறகும் அவள் அன்பு குறைந்ததாகக் காப்பியம் சொல்லவில்லை. கிழக்கு வாசல் வழியாகக் கணவனோடு வந்தவள் மேற்கு வாசல் வழியாகத் தனியாக வெளியேறி, வைகைக் கரையைப் பிடித்து, மேடு பள்ளம் பாராமல் மலைநாடு வரை நடக்கிறாள். அந்தத் திசையில்தான் கம்பம் பள்ளத்தாக்கு கிடக்கிறது.

இதைக் கடன் வாங்கலாம். நோட்டை மறுபடி புரட்டும்போது ஒரு பழைய பக்கத்தில் கணக்குக்கு ஒத்துவராத ஒரு ட்ரிப் இருக்கட்டும். அவளை அறிவதற்கு முந்தைய வருஷம், வேறு எஸ்டேட், ராத்திரி நேரம். ஜீப்காரன் முழுக்கச் சுத்தமானவன் இல்லை. அவள் அந்தப் பக்கத்தைக் கிழிப்பாளா, வைத்துக்கொள்வாளா? நான் வைத்துக்கொள்ள வைப்பேன். கிழித்தால் பின்பக்கத்தில் அவளைப் பற்றி எழுதியதும் சேர்ந்து போகுமே.

எட்டாம் படி: திருத்தம்

முதல் வரைவை முடித்ததும் செய்ய வேண்டியவை அதிகமில்லை. பாத்திரங்கள் வாயால் 'பழி', 'பழிவாங்குவேன்' என்று சொல்லும் இடங்களை அடித்துவிடுங்கள்; ஒன்று மட்டும் இருக்கலாம். காதல் பகுதியின் பக்கங்களை எண்ணுங்கள். மொத்தத்தில் மூன்றில் ஒரு பங்குக்குக் குறைந்தால் ஒரு வேலைக் காட்சி சேருங்கள், வசனக் காட்சி வேண்டாம். எதிரிக்கு அன்புக்குரியவர் ஒருவராவது இருக்கிறாரா என்று பாருங்கள்.

பேச்சையும் சரிபாருங்கள். கம்பத்துப் பெண் எஸ்டேட்டில் முதலாளியிடம் பேசும்போது இரண்டு மலையாளச் சொல் கலக்கும், ஜீப்புக்குள் ஏறியதும் அது மறையும். மலையாளி சூப்பர்வைசர் பேசும் தமிழைக் கேலிக்கு எழுதாதீர்கள். இரண்டு பக்கமும் நாற்பது வருஷமாக ஒருவர் பாஷையை ஒருவர் சிதைத்துத்தான் சம்பளம் வாங்கியும் கொடுத்தும் வருகிறார்கள். கடைசியாக, சம்பள நாள் காட்சியை ஏலத்தோட்டத்து வேலை தெரிந்த யாராவது ஒருவரிடம் வாய்விட்டுப் படித்துக் காட்டுங்கள். நோட்டு மேஜைக்கு வரும் இடத்தில் அவர் உங்கள் முகத்தைப் பார்த்தால் சரி. எடைக் கணக்கைத் திருத்தத் தொடங்கினால், திருத்தத்தை எழுதிக்கொண்டு, இரண்டாம் படிக்குத் திரும்பிப் போங்கள்.